புகை மேற்கே, மேகம் கிழக்கே

நான்காம் வகுப்பில் நான் எழுதிய ஒரு நாட்காட்டித் தாள் இன்னும் என்னிடம் இருக்கிறது: "ஆடிக் கிருத்திகை. சாயங்காலம் மழை. நெல் நனையலை." ஆண்டு அச்சிட்டிருந்த மூலை கிழிந்துபோயிற்று.

அப்போது ஒரகடம் பக்கம் சாலைகள் முதலில் வந்துவிட்டன. ஆலைகள் பாதிதான் வந்திருந்தன. வண்டி அதிகம் ஓடாத அந்த அகலமான தார்ச் சாலையில்தான் எங்கள் ஊர் சொர்ணவாரிப் பருவத்து நெல்லைக் காயப்போடும். ஆடி மாத மாலைகளில் மழை வருவது வழக்கம். அதனால் நெல்லுக்குக் காவலிருந்தே இரண்டு ஆடிக் கிருத்திகைகளை அம்மா விட்டிருந்தாள். நான் காய்ச்சலிலிருந்து எழுந்ததற்காக வல்லக்கோட்டை முருகனுக்கு நேர்ந்துகொண்டது அப்படியே நின்றது.

அன்றும் மேற்கே கறுத்திருந்தது. நனைந்தால் நெல் முளைத்துவிடும். வீட்டுக்கு அதுதான் வருஷச் சாப்பாடு. அம்மா புதுப்புடவையோடு வாசலுக்கும் சாலைக்குமாக நடந்தாள். நைட் ஷிப்ட் முடித்துத் தூங்கிக்கொண்டிருந்த சித்தப்பா எழுந்து வந்து, தூரத்து ஆலையின் புகைபோக்கியைக் காட்டினார்.

"பொகை எந்தப் பக்கம் போவுது பாரு அண்ணி. மேற்கால. அந்தக் கறுப்பும் அப்படியே போயிடும். நீ கெளம்பு."

"வந்துச்சுனா?"

"வந்தா என்னைக் கேளு."

போனோம். கோயில் வரிசையில் நிற்கும்போதே கொட்டியது. சந்நிதியில் அம்மா முருகனைப் பார்த்ததைவிட வெளியே பார்த்ததுதான் அதிகம். ஷேர் ஆட்டோவில் திரும்பினோம். சாலை கழுவிவிட்டதுபோல் கிடந்தது. ஒரு நெல் இல்லை. அம்மா வீட்டுக்கு ஓடினாள்.

எங்கள் வீட்டில் ஓர் அறையை, ஆலை வேலைக்கு வந்திருந்த திருநெல்வேலிப் பையன்கள் மூன்று பேருக்கு வாடகைக்கு விட்டிருந்தோம். அந்த அறை முழுக்க நெல். பாய்களைச் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டு அவர்கள் சுவரோரம் உட்கார்ந்திருந்தார்கள். சித்தப்பா அடுத்த ஷிப்டுக்கான யூனிஃபார்மில் குவியல்மேல் சாய்ந்திருந்தார்.

அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இன்னாப்பா, பொகை மேற்கால போச்சே?"

"அந்த மேகத்துக்கு நம்ம கம்பெனி பொகையைத் தெரியல அண்ணி."

"நீங்க ஆட்டோல ஏறுனதுமே எங்கள எழுப்பி அள்ள விட்டுட்டாரு அக்கா," என்றான் ஒரு பையன். "ராத்திரி நாங்க எங்கன படுக்க?"

அம்மா சிரிப்பை நிறுத்தினாள். கொண்டுவந்த பஞ்சாமிர்தத்தை எனக்குக்கூடக் கொடுக்காமல் முதலில் சித்தப்பாவிடம் நீட்டினாள். எனக்கு அதில்தான் கோபம்.

பிற்பாடு படித்துத் தெரிந்துகொண்டேன். பிற்பகலில் கிழக்கிலிருந்து கடற்காற்று தரையை ஒட்டி உள்ளே வரும். புகை அதோடு மேற்கே போகும். மேகத்தைத் தள்ளுவது அதற்கும் வெகு மேலே வீசும் காற்று. ஆடியில் அது மேற்கிலிருந்து அடிக்கும். புகை ஒரு பக்கமும் மேகம் மறுபக்கமும் போவது எங்கள் ஊரில் அதிசயமே இல்லை. வயலில் வளர்ந்தவர் அதைப் பார்த்திருக்க மாட்டாரா?

சித்தப்பாவைக் கேட்டால், "நா பொகையத்தான் நம்புனேன்," என்கிறார். அம்மாவைக் கேட்டால், "அவனுக்கு வானம் பாக்க இன்னா தெரியும்," என்கிறாள். இருவர் சொல்வதும் அச்சுப் பிசகாமல் ஒத்துப்போகிறது. அதனாலேயே எனக்குச் சந்தேகம். மழை வருமென்று தெரிந்தேதான் அவர் அம்மாவை அனுப்பினாரா என்பது இன்னும் உறுதிசெய்யப்படவில்லை.