ஏழாம் மாதத்து வளைகாப்பு

சென்னையில் நாங்கள் இருந்த வாடகை வீட்டில் கதவுள்ள அறை ஒன்றே ஒன்றுதான். அதன் தாழ்ப்பாள் விழும் ஓசை இன்னும் என் காதில் இருக்கிறது. புதுக்கோட்டைப் பக்கமிருந்து பிழைக்கப்போன அண்ணன் தம்பி இருவர், அவர்களுடைய மனைவிமார், மாமியாரான அத்தை. மூத்தவர் என் கணவர். ஒரு வாரம் அறை எங்களுக்கு, மறுவாரம் கொழுந்தனுக்கும் அவர் மனைவிக்கும். ஞாயிறு காலையில் பாய் தலையணைகள் இடம் மாறும். கூடத்தில் படுக்கும் வாரத்தில் அத்தைக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் என் கணவர். கணவரிடம் ஒரு வார்த்தை தனியாகப் பேச மாடிப்படிக்குப் போகவேண்டும். அங்கேயும் யாராவது செருப்பு மாட்டிக்கொண்டிருப்பார்கள்.

கொழுந்தன் மனைவி, என் ஓரகத்தி, அன்னவாசல்காரி. கல்யாணமான நாலாம் மாதமே முழுகாமல் இருந்தாள். எனக்கு ஆறு வருடமாக இல்லை. "புள்ளத்தாச்சி, அவ உள்ளயே படுக்கட்டும்" என்று அத்தை சொன்னதோடு என் வாரமும் போயிற்று. நியாயம்தான். ஆனாலும் வயிறு எரிந்தது. அவள் வாந்தி எடுக்கும் சத்தம்கூட எனக்குப் பெருமையடிப்பதாகக் கேட்டது.

வளைகாப்பு முடிந்தால் பெண் தாய்வீட்டுக்குப் போயாகவேண்டும். ஒன்பதாம் மாதம் என்றுதான் பேச்சு. அதுவரை துணிக்கடை வேலையை விடமாட்டேன், புருஷனோடு இருப்பேன் என்றிருந்தாள் அவள். நான்தான் அத்தையிடம், "ஏழுலயே போட்டுருவோங்க அத்தை. ஒம்பதுல பஸ்ஸு குலுக்கலத் தாங்குவாளா?" என்றேன். எனக்கு எவ்வளவு அக்கறை என்று அத்தை மெச்சிக்கொண்டார். வளையல் போட்டபோது அவள் என்னையே பார்த்தாள். அவளை ஊருக்கு அனுப்பிவைத்த அன்றே அறையைக் கழுவி என் பாயை விரித்தேன். கொழுந்தன் கூடத்துக்கு வந்தார்.

குழந்தை நல்லபடியாகப் பிறந்தது. அவள் திரும்பி வரவில்லை. கொழுந்தனும் அவளோடு போய் அன்னவாசலிலேயே கடை வைத்துவிட்டார். அதே சென்னை வீட்டில் அறை எனக்கே என்றான பிறகும் அவளை நினைத்துத்தான் புழுங்கினேன்.

போன மாதம் அவர்கள் புது வீட்டுக்குப் பால் காய்ச்சினார்கள். போயிருந்தேன். மூன்று அறை, மூன்றுக்கும் தேக்குக் கதவு. அடுப்படியில் நாங்கள் இருவர் மட்டும் இருந்தபோது என்னையறியாமல் சொல்லிவிட்டேன்: "ஏழாம் மாசம் போடச் சொன்னது ஒன் நல்லதுக்கு இல்ல புள்ள."

அவள் டம்ளர் கழுவுவதை நிறுத்தவில்லை. "தெரியும்க்கா. ஒங்க எடத்துல நான் இருந்தா அஞ்சுலயே போடச் சொல்லிருப்பேன்" என்று சிரித்தாள்.

இப்படிச் சொல்ல இவளுக்கு மனசு வருகிறதே என்று, அதற்கும் சேர்த்துப் பொறாமைப்பட்டேன்.