வெண்கலம் வாய் மூடிய நாள்

கோர்ட்டில் அவரை எல்லோரும் வெண்கலம் என்றுதான் கூப்பிடுவார்கள். டவாலி வேலை. நீதிபதிக்கு முன்னால் நடந்து வழிவிடச் செய்வதும், வராந்தாவில் நின்று வழக்குக்காரர் பெயரை மூன்று முறை கூவுவதும் அவர் பொறுப்பு. அவர் கூவினால் எதிர்ச்சாரி டீக்கடையில் கண்ணாடி டம்ளர் அதிரும் என்பார்கள். அப்படிப்பட்ட தொண்டை ஒரே ஒரு நாள் அடைத்துக்கொண்டது. அதைப் பதினாலு வருஷமாக அவரால் விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

அந்தக் கோர்ட்டுக்கு முதல் பெண் வக்கீல் வந்திருந்த காலம் அது. வக்கீல்கள் அறையில் அவருக்கு ஒரு நாற்காலி போட யாருக்கும் மனசு வரவில்லை. மாடிப்படிக்குக் கீழே கிடந்த பெஞ்சில் கட்டுகளை அடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். நாற்காலியாவது போகட்டும், கட்டடம் முழுக்கப் பெண்களுக்கென்று ஒரு கழிப்பறை கிடையாது. இரண்டு தெரு தள்ளி இருந்த தையல்காரம்மா வீட்டுக்குத்தான் போய்வர வேண்டும்.

"அண்ணே, நம்ம கேஸக் கூப்பிட்டா கொஞ்சம் தள்ளிவைக்கச் சொல்லுங்க. பத்து நிமிஷத்துல ஓடி வந்துடறேன்."

"போய்ட்டு வாங்கம்மா. நான் பாத்துக்கறேன்."

பலமுறை அப்படிப் பார்த்தும் கொண்டார். நீதிபதியும் காரணம் கேட்காமல் தள்ளிவைப்பார். அன்றைக்கு அவருக்கு என்ன எரிச்சலோ. நாலு வயது மகனைத் தன்னிடம் ஒப்படைக்கக் கேட்டு ஒரு தாய் போட்ட வழக்கு. அந்தத் தாயும் வக்கீலம்மாவோடு துணைக்குப் போயிருந்தாள். மூன்று முறை கூவியும் ஆள் இல்லை.

"எங்கய்யா போனாங்க அந்தம்மா? உனக்குத் தெரியுமா?" என்றார் நீதிபதி.

வெண்கலம் வாயைத் திறந்தார். கூடம் நிறைய ஆண்கள். கழிப்பறை என்ற வார்த்தையை, அதுவும் ஒரு பொம்பளையைச் சேர்த்து, அத்தனை பேர் முன்னால் எப்படிச் சொல்வது?

"தெரியாதுங்கய்யா."

"அடுப்புல பால் பொங்கிருக்கும், எறக்கி வைக்கப் போயிருப்பாங்க" என்றார் ஒரு வக்கீல். கூடமே சிரித்தது. வெண்கலமும் சிரித்தார். வழக்கு தள்ளுபடி ஆனது.

வக்கீலம்மா மூச்சிரைக்க வந்து நின்றார். "சொன்னீங்களா அண்ணே?"

"சொன்னேம்மா. அவரு காதுலயே போட்டுக்கல."

அவர் கண்ணில் தண்ணீர் நின்றது. "நீங்க ஒருத்தராவது எனக்காகப் பேசினீங்களே" என்றார்.

வழக்கைத் திரும்ப எடுக்க எட்டு மாசம் ஆனது. அதற்குள் பிள்ளை அப்பா வீட்டோடு ஒட்டிக்கொண்டான். நீதிபதி கூப்பிட்டபோது அம்மாவைப் பார்த்து மிரண்டு அத்தை புடவைக்குள் ஒளிந்தான். தீர்ப்பும் அப்படியே போனது. வெண்கலம் அன்று சாப்பிடவில்லை. பசி இல்லை என்று மனைவியிடம் சொன்னது இன்னொரு பொய்.

பதினாலு வருஷம் கழித்து அதே வக்கீலம்மா அதே கோர்ட்டுக்கு நீதிபதியாக வந்தார். அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் பெண். வெண்கலம் ஓய்வு பெற மூன்றே மாசம். "எனக்கு டவாலி அண்ணன்தான். அன்னிக்கு எனக்காகப் பேசினவர்" என்று ஆபீஸில் எல்லோர் காதிலும் விழச் சொன்னார். வெண்கலத்துக்குத் தோளில் கிடந்த டவாலிப் பட்டை இரும்பாகக் கனத்தது. தினமும் காலையில் சொல்லிவிட நினைப்பார். அவர் "வாங்கண்ணே" என்றதும் பட்டையைச் சரிசெய்துகொண்டு முன்னால் நடக்க ஆரம்பித்துவிடுவார்.

ஒருநாள் ஒரு இளம் பெண் வக்கீலின் வழக்கு வந்தது. மூன்று முறை கூவியாயிற்று, ஆள் இல்லை. தள்ளுபடி செய்யச் சொல்லி எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார். அன்றைக்கு வெண்கலத்தை யாரும் எதுவும் கேட்கவில்லை. டவாலி தானாகப் பேசும் வழக்கமும் இல்லை.

"அம்மா, அவங்க கழிப்பறைக்குப் போயிருக்காங்க! புதுசாக் கட்டின லேடீஸ் கழிப்பறை பூட்டிக் கிடக்கு, சாவி வச்சிருக்கறவர் லீவு. தையல்காரம்மா வீட்டுக்குப் போயிருக்காங்க!"

அடக்கிச் சொல்லத்தான் நினைத்தார். தொண்டை கேட்கவில்லை, டீக்கடை வரைக்கும் போனது. கூடம் சிரித்தது. நீதிபதி சிரிக்கவில்லை. வழக்கைத் தள்ளிவைத்தார்.

மதியம் தன் அறையில் அவர் கேட்டார். "அன்னிக்கும் இப்படித்தான் சொன்னீங்களா அண்ணே? இவ்வளவு சத்தமாச் சொல்லியுமா அவர் கேக்கல?"

வெண்கலம் பட்டையைப் பிடித்துக்கொண்டார். "அன்னிக்கு நான் சொல்லலம்மா. கேட்டாரு. தெரியாதுன்னேன்."



"எல்லாரும் சிரிச்சாங்களாமே. நீங்களுமா?"

"சிரிச்சேம்மா."

அவர் பேனாவை மூடி வைத்தார். "அந்தம்மாவப் போன மாசம் பாத்தேன். பையன் காலேஜ் போறானாம். வருஷத்துக்கு ஒரு தடவ வருவானாம். பெத்தவள வாங்க போங்கன்னுதான் கூப்பிடறானாம்."

வெண்கலம் நின்றுகொண்டே இருந்தார். அவர் ஏதாவது திட்டினால் தேவலை என்றிருந்தது.

"பூட்ட ஒடைக்கச் சொல்லிட்டேன்" என்றார் நீதிபதி. "மணி ரெண்டாச்சு. அடுத்த கேஸக் கூப்பிடுங்க."

வாசல் வரை வந்த பிறகுதான் அவருக்கு உறைத்தது. அண்ணே என்ற சொல் அதில் இல்லை. வராந்தாவில் நின்று மூன்று முறை கூவினார். டம்ளர்கள் அதிர்ந்தன. ஓய்வு பெறும் நாள் வரைக்கும் அவர் கூவினார். அந்தச் சொல் மட்டும் திரும்ப வரவில்லை.