பதினாறு மேற்படி

தண்ணீர்க் குடங்கள் ஏற்றிய தள்ளுவண்டியைக் கம்பியக்கா சுற்றுவழியில்தான் தள்ளிக்கொண்டு போவார். ஆலயத்துக்கு வடபுறமுள்ள புல்வெளியைக் குறுக்கே கடந்தால் கல்லறைத் தோட்டத்தின் கதவுக்கு முப்பதே தப்படி. அவரோ சுவரோரமாக வளைந்து தொண்ணூறு தப்படி நடப்பார். புல்வெளியில் ஒரு கல்லோ செடியோ கிடையாது. நடந்தே கொழுப்பைக் கரைக்கிறார் என்று கேலி செய்தவர்கள் உண்டு.

குழி வெட்டுவது, தோட்டத்தைப் பார்த்துக்கொள்வது, ஆலயமணி அடிப்பது, மூன்றும் அவர் வேலை. புதுக் குழி வெட்டுமுன் ஆளுயர இரும்புக் கம்பியை மண்ணில் இறக்கிப் பார்ப்பார். பெயர் அதனால் வந்தது. ஒருமுறை தோண்டிய மண் நூறு வருடமானாலும் பழையபடி இறுகாதாம். யாரைப் பார்த்தாலும் தலையிலிருந்து கால்வரை கண்ணாலேயே அளப்பது அவரது கெட்ட பழக்கம். புதிதாக வந்த போதகரையே அப்படிப் பார்த்து, "ஆறடி இருப்பீங்க" என்றார். பாவம் மனிதர், ஒரு வாரம் அந்தப் பக்கமே தலைகாட்டவில்லை.

சபைக்கு நூற்றைம்பது வயது நெருங்கியது. செயலர் சபை வரலாறு எழுத உட்கார்ந்தார். கூடவே, அந்தப் புல்வெளியில் ஒரு கூடம் கட்டவும் வரைபடம் போட்டாயிற்று. பழைய அடக்கப் பதிவேட்டில் ஒரு பக்கம் மட்டும் இடித்தது. தேதிகளைக் கரையான் தின்றுவிட்டது. மிஞ்சியது, 'பெயரிடாத குழந்தை, வடபுறம்' என்று ஒரு வரி. அதன்கீழ் 'மேற்படி', 'மேற்படி' என்று பதினாறு வரிகள். எழுத்தர் தூக்கக் கலக்கத்தில் ஒரே குழந்தையைத் திரும்பத் திரும்பப் பதிந்துவிட்டார் என்று முடிவுகட்டி, செயலர் 'ஒன்று' என எழுதிக்கொண்டார். அந்த ஒன்றும் எங்காவது ஓரத்தில்தான் கிடக்கும் என்றார்.

அஸ்திவாரத்துக்கு முளையடித்த காலையில் கம்பியக்கா குறுக்கே வந்து நின்றார். குரலை உயர்த்தவில்லை. ஞானஸ்நானத்துக்கு முன்பே இறந்த பிள்ளைகளுக்கு அந்தக் காலத்தில் பெயரும் இல்லை, கல்லும் இல்லை என்றார். வேலைக்குச் சேர்ந்த வருடமே கம்பி இறக்கிப் பார்த்தாராம். சொல்லிச் சொல்லி வாய் வலித்ததுதான் மிச்சம், யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. பிறகு கம்பியைச் செயலர் கையில் கொடுத்தார்.

"நான் சொன்னா நம்ப வேண்டாம் தம்பி. மண்ணு சொல்லும், கேளுங்க."

செயலர் விளையாட்டாகத்தான் குத்தினார். இறங்கவில்லை. ஓரடி தள்ளிக் குத்தினார். கம்பி வழுக்கிக்கொண்டு இறங்கியது. இறுக்கம், இளக்கம், மறுபடி இறுக்கம், இளக்கம். எந்த இளக்கமும் மூன்றடி நீளம்கூட இல்லை. எட்டாவதில் விரல்விட்டு எண்ணத் தொடங்கினார். பதினேழாவதில் செருப்பைக் கழற்றிவிட்டார். அம்மாடி, எத்தனை வீட்டுத் தொட்டில்கள் காலியாகியிருக்கும்!

"இவ்வளவு பேர் மேலயா நடந்துக்கிட்டிருந்தேன்?"

"தெரியாமத்தானே நடந்தீங்க. இனிமே சுத்திப் போங்க."

கூடம் தெற்குப் பக்கம் போனது. ஆண்டுவிழா ஆராதனையில், அடக்கமானவர்களின் பட்டியலைச் செயலர் வாசித்தார். பெயருக்கு ஒரு மணி. கம்பியக்கா முக்காலியில் உட்கார்ந்தபடியே கயிற்றை இழுத்தார். கரையான் தின்ற அந்தப் பக்கம் வந்தது. "பெயரிடாத குழந்தை." மணி. "மேற்படி." மணி. மூன்றாவது மேற்படிக்குப் பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். ஏழாவதுக்கு ஆலயத்தில் இருமல்கூட இல்லை. காகிதக் கட்டுகளில் கிடக்கும் அந்த வறட்டு வார்த்தை, பதினாறு தடவையும் பதினாறு பெயராகக் கேட்டது.

கடைசி மணி ஓய்ந்த பிறகும் கயிறு ஆடிக்கொண்டிருந்தது. கம்பியக்கா முக்காலியை விட்டு எழுந்து, பிள்ளை தூங்கிவிட்ட தொட்டிலை நிறுத்துவதுபோல் அதை இரண்டு கையாலும் மெல்லப் பிடித்து நிறுத்தினார்.