கல்யாணப் புடவைக்கு வாங்கிய நூறு ரூபாய்

தி.நகர் ஜவுளிக்கடையில் என்னை வேலையை விட்டு நீக்கியது, உட்கார்ந்ததற்காக. தீபாவளிக் கூட்டம். காலில் நரம்பு சுருட்டிக்கொண்டு வலி உயிர் போனது. பிரிக்காத புடவைக் கட்டின் மேல் ஒரு நிமிஷம் உட்கார்ந்தேன், கேமரா பார்த்துவிட்டது. வாடிக்கையாளரை அவமதித்தேன் என்று எழுதிக் கையில் கொடுத்துப் பின்வாசல் வழியாக அனுப்பினார்கள். புடவை மேல் இருக்கிற அக்கறை அதை விற்கிறவள் கால் மேல் இருந்தால் நான் ஏன் லேபர் கோர்ட்டுக்குப் போகிறேன்?

வழக்கு வருஷக்கணக்கில் இழுத்தது. வேலை திரும்பக் கிடைப்பதைவிட, வீட்டில் இருந்த காலத்துச் சம்பளம் கிடைப்பதுதான் எனக்கு முக்கியம். மகள் நர்சிங் முடித்திருந்தாள். கடைசி வருஷ ஃபீஸ் பாக்கி என்று கல்லூரி சர்டிஃபிகேட்டைப் பிடித்து வைத்திருந்தது. அடையாறில் ஓர் ஆஸ்பத்திரியில் அவளுக்கு வேலை தயார், சர்டிஃபிகேட்டை மட்டும் கொண்டு வா என்றார்கள். பழைய சம்பளம் வந்தால்தான் அதை மீட்க முடியும்.

வக்கீல் முதல் நாளே சொல்லிவிட்டார்: "இடையில எங்கயும் சம்பாதிக்கலைன்னாத்தான்மா பழைய சம்பளம் கேக்க முடியும். ஒரு ரூபா வாங்கினாலும் அவங்க அதைப் பிடிச்சுக்குவாங்க." வாங்கவில்லை. தம்பி தயவில் அரிசி வந்தது, கம்மல் அடகுக் கடைக்குப் போனது. தையல் மெஷினைத் துணி போட்டு மூடி வைத்தேன். வருமானம் இல்லை என்று பிரமாணப் பத்திரமும் எழுதிக் கொடுத்தேன்.

அப்போதுதான் அவள் வந்தாள். கடையில் எனக்குப் பக்கத்து கவுன்ட்டர். என் டப்பா சோற்றில் பாதி தின்றவள். சாந்தோமில் என் வீடு தேடி, மகளின் கல்யாணப் புடவையோடு வந்து நின்றாள்.

"அக்கா, உன் கையால ஃபால்ஸ் அடிச்சுக் குடுக்கா. ராசியான கை."

அடித்துக் கொடுத்தேன். சாப்பாடும் போட்டேன். கிளம்பும்போது வெற்றிலை பாக்கின் மேல் நூறு ரூபாய் வைத்து நீட்டினாள்.

"வேணாம்டி. கேஸ் நடந்துக்கினு கீது."

"ஐயோ, கல்யாணப் புடவைக்கா. ஓசியில தைச்சா பொண்ணுக்கு ஆகாது. சாஸ்திரத்துக்கு வாங்கிக்கோ."

பெண்ணுக்கு ஆகாது என்ற பிறகு எந்தத் தாய் கையை இழுத்துக்கொள்வாள்? வாங்கினேன்.

அடுத்த வாய்தாவில் கடைத் தரப்புச் சாட்சியாக ஏறி நின்றாள், படுபாவி. என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நான் வீட்டில் தையல் தொழில் நடத்துகிறேனாம், ஊரே வரிசையில் நின்று துணி கொடுக்கிறதாம், தானும் கூலி கொடுத்தாளாம். நூறு ரூபாய் உண்மை. மற்றதெல்லாம் கடை சொல்லிக்கொடுத்தது. கடை வக்கீல் என் பக்கம் திரும்பினார்.

"நூறு ரூபா வாங்கினீங்களா, இல்லையா?"

"வாங்கினேன் சார். சாஸ்திரத்துக்கு."

"சாஸ்திரத்துக்குக் கூலியா?" என்று சிரித்தார். பின்னால் நின்றவர்களும் சிரித்தார்கள்.

நீக்கியது தப்பு, வேலை கொடு என்று தீர்ப்பு வந்தது. வருமானத்தை மறைத்தேன் என்பதால் பழைய சம்பளம் ஒரு பைசா கிடையாது. ஹைகோர்ட்டுக்குப் போகலாம் என்றார் வக்கீல். அதுவரைக்கும் ஆஸ்பத்திரி காத்திருக்குமா? வேறு பெண்ணைப் போட்டுக்கொண்டார்கள்.

மறுபடி கடையில் கால் வைத்த அன்று அவளே பக்கத்தில் வந்தாள்.

"சாட்சி சொல்லாட்டி என்னையும் தூக்கிடுவேன்னாங்கக்கா. கல்யாணத்தை வெச்சுக்கினு நான் இன்னா பண்றது?"

"உன் பொண்ணு எப்படி கீது?"

"நல்லா கீதுக்கா."

நல்லா இருக்கட்டும் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

மேனேஜர் மட்டும் பெரிய மனசு பண்ணினார். "உன் பொண்ணு வீட்ல சும்மாதானே கீது? இங்க இட்டுக்கினு வாம்மா." கூட்டி வந்தேன். வேறென்ன செய்ய? இப்போது மகள் மேல்மாடியில் சுடிதார் மடித்துக்கொண்டு நிற்கிறாள். நிற்கிறவர்களுக்கு உட்கார இடம் தரவேண்டும் என்று இடையில் சட்டம் வந்துவிட்டதால் ஒவ்வொரு கவுன்ட்டருக்குப் பின்னாலும் ஒரு ஸ்டூல் போட்டிருக்கிறார்கள்.

போன வாரம் சாப்பாட்டு வேளையில் மகள் கேட்டாள்: "கால் வலிக்குதும்மா. ஸ்டூல்தான் கீதே, கொஞ்சம் ஒக்காரட்டா?"

"ஒக்காராதே" என்றேன்.