ராணி காதை இழுத்த பகல்

எங்கள் மாமா, அதாவது அம்மாவின் தம்பி, குருநகரில் மீன்பிடித்தார். வருடத்துக்கு ஒருநாள், கோவில் பெருநாளன்று, ராணியானார். எங்கள் கத்தோலிக்கக் கோவில் கூத்தில் அப்போது பெண்கள் ஆடுவதில்லை. பதினாறு வயதில் சேவகனாக வேசம் கட்டியவரை, அவர் திரும்புகிற அழகைப் பார்த்து, கூத்துப் பழக்கும் அண்ணாவியார் தோழியாக்கி, பிறகு ராணியாகவே நிலைநிறுத்திவிட்டாராம். மாமா மீசையை வழித்தால் கூத்து வரப்போகிறதென்று தெருவுக்கே தெரியும். அந்த மாதம் முழுவதும் கூட்டாளிகள் "மகாராணி" என்று கூப்பிட்டுக் கேலி செய்வார்கள். அவர் கோபிக்காமல், சேலைத் தலைப்பைச் சரிசெய்வதுபோல இடுப்பில் கட்டிய சறத்தை இழுத்துவிட்டுக்கொள்வார்.

ராணி உடுத்தியது மாமியின் கலியாணக் கூறை. மாமிக்கு அதில் கொஞ்சம் பெருமை, நிறைய வயிற்றெரிச்சல். "நான் ஒருக்கா உடுத்தனான், இவர் பத்துத் தரம் உடுத்திட்டார்" என்று அம்மாவிடம் முறையிடுவார்.

எனக்கும் மாமாவுக்கும் ஓர் இரகசியம் இருந்தது. மேடையில் நின்று வீட்டாரைப் பார்க்கக் கூடாது என்பது அண்ணாவியாரின் கண்டிப்பு. அதனால் ராணி சுற்றி ஆடி வருகையில், நான் உட்கார்ந்திருக்கும் பக்கம் வந்ததும், தன் வலது காதுமடலை இரண்டு தரம் இழுத்துவிடுவார். அது எனக்கு மட்டும். மாமிக்குக்கூடச் சொல்வதில்லை என்று சத்தியம் வாங்கியிருந்தார். ஏழு வயதில் எனக்கு வேறு சொத்து இல்லை. அதைக் கட்டிக் காத்தேன்.

அந்த வருடம், பெருநாளுக்கு ஒரு மாதம் இருக்க, மீசை வழித்த முகத்தோடு மாமா கடலுக்குப் போனார். திரும்பவில்லை. படகும் வரவில்லை. துப்பாக்கிச் சூட்டுச் சத்தம் கேட்டதாக ஒருவர் சொன்னார். காற்று மாறியதாக இன்னொருவர் சொன்னார். மூன்றாம் வாரம் கோவில் சுவாமியார் வீட்டுக்கு வந்து, இறந்தவர்களுக்கான பூசைக்கு மாமாவின் பெயரைக் கொடுக்கலாமே என்று மெதுவாகக் கேட்டார்.

மாமி எழும்பி நின்றார். "அவர் வருவார் சுவாமி. கண்ணாலை காணாத சாவுக்கு நான் பேர் தரமாட்டன்."

பிறகு யாரும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. வந்ததும் முகம் வழிக்கக் கேட்பார் என்று மாமி தினமும் சவரக்கத்தியைத் துடைத்து வைத்தார்.

கூத்துக்கும் சிக்கல் வந்தது. சலங்கைகளைப் பீடத்தில் வைத்து மந்திரித்த பிறகு, ஒருவருடைய வேசத்தை அவர் வீட்டாரைத் தவிர வேறு ஆளுக்குக் கொடுக்கும் வழக்கம் எங்கள் கோவிலில் இல்லை. மாமாவின் சலங்கை ஏற்கெனவே மந்திரித்தாயிற்று. அவர் வீட்டிலோ வேறு ஆண்பிள்ளை இல்லை. அண்ணாவியார் என்ன முடிவெடுத்தார் என்று பிள்ளைகளுக்குச் சொல்லவில்லை.

ஊரடங்கு இருந்ததால் கூத்தைப் பகல் இரண்டு மணிக்கே தொடங்கினார்கள். பட்டப்பகலில் கூத்துப் பார்ப்பதே ஒரு மாதிரியாக இருந்தது. வெள்ளைப் பூச்சுப் பூசிய முகங்கள் வெயிலில் உயிரில்லாமல் தெரிந்தன. திரைக்குப் பின்னால் சலங்கை கேட்டது. இடது காலைக் கொஞ்சம் பிந்தி வைக்கும் நடை, மாமாவின் நடை. பின்பாட்டுக்காரர்கள் பாட்டைப் பாதியில் விட்டுவிட்டார்கள். மத்தளம் மட்டும் அடித்துக்கொண்டிருந்தது.

திரை விலகியது. அதே கூறை, அதே பொய்முடி, அதே தோள். முன்னாலிருந்த கிழவர் சிலுவை போட்டுக்கொண்டார். ராணி சுற்றி வந்து, என் பக்கம் வந்ததும் வலது காதுமடலை இரண்டு தரம் இழுத்தார். முகத்தில் சிரிப்பில்லை. கண்கள் என்னைப் பார்க்கவுமில்லை. கை மட்டும் தன்பாட்டில் மேலே போய் இறங்கியது. எனக்குச் சந்தோசம் தாங்கவில்லை.

கூத்து முடிந்ததும் கொட்டகைக்குப் பின்னால் ஓடினேன். மாமா இல்லை. மாமிதான் ஒரு பெட்டியின்மேல் இருந்தார். முகத்தைக் கழுவியிருந்தார், காதுகளில் மட்டும் வெள்ளைப் பூச்சு போகவில்லை. கணுக்கால் இரண்டும் சலங்கை உரசித் தோலுரிந்திருந்தன. ஆடியது மாமிதான் என்பது யாருக்கும் விளங்கியிருக்கும். முற்றத்தில் மாமா கூத்துப் பழகுவதை வருடக்கணக்காகப் பார்த்தவருக்கு எல்லா அடியும் பாடம். கெட்டிக்காரி என்று பெயரெடுத்த நான் மட்டும், மாமா போகிற அவசரத்தில் மாமிக்கும் கொஞ்சம் பூசிவிட்டுப் போயிருக்கிறார் என்று நினைத்தேன்.

"மாமி, மாமா வந்தவர்!"

மாமி களைப்போடு சிரித்தார். "அது நான்தான் பிள்ளை."

"இல்லை, அவர்தான்! எனக்குக் காதை இழுத்துக் காட்டினவர். எப்பவும் காட்டுறவர். உங்களுக்குச் சொல்லக் கூடாதெண்டு சத்தியம் வாங்கினவர்."

மாமியின் சிரிப்பு நின்றது. வலது கையைத் தூக்கி, வேறு யாருடையதோ என்பதுபோலப் பார்த்தார். பிறகு காதைத் தொட்டார். அந்த மடலில் மட்டும் பூச்சு அழிந்திருந்தது.

"நான் காதிலை கை வைக்கேல்லைப் பிள்ளை," என்றார். "எத்தினை தரம் இழுத்தவர்?"

"ரெண்டு தரம்."

"நல்லா வடிவாப் பாத்தனியோ?"

"ஓம் மாமி. சத்தியமா."

மாமி என்னை இழுத்து மடியில் வைத்துக்கொண்டார். அவருடைய உடம்பு நடுங்கியது. நல்ல செய்தி கேட்டால் பெரியவர்களுக்கு இப்படித்தான் நடுங்கும் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை மாமி சவரக்கத்தியைக் கடதாசியில் சுற்றிப் பெட்டிக்குள் வைத்தார். கோவிலுக்குப் போய் இறந்தவர்களுக்கான பூசைக்கு மாமாவின் பெயரைக் கொடுத்தார். எனக்கு வந்த கோபம் கொஞ்சமல்ல. நேற்று வந்துவிட்டுப் போன மனிதருக்கு இன்றைக்கு ஏன் அந்தப் பூசை? முழங்காலில் நிற்க மாட்டேன் என்று அடம்பிடித்து அம்மாவிடம் அடியும் வாங்கினேன். சுவாமியார் கேட்டும் மாமி ஏற்றுக்கொள்ளாத சாவை, துள்ளிக் குதித்துக்கொண்டு போய் மாமியிடம் சொன்னது நான்தான் என்று அப்போது எனக்குத் தெரியவில்லை.