பத்து சென்ட் தாளும் ஒரு பை வெள்ளிக்காசும்

1. சத்தம் வராத காசு

சம்பள மேசைக்கு முன்னால் நின்ற அஞ்சலை, நான் கொடுத்த பத்து சென்ட் தாளை இரண்டு விரலால் பிடித்துத் தூக்கினாள். அதை மேசை விளிம்பில் ஒரு தட்டுத் தட்டிப் பார்த்தாள். சத்தம் வரவில்லை. என் முன்னாலேயே திருப்பி வைத்துவிட்டாள்.

"இது காசு இல்லீங்க கிராணியாரே. வேற குடுங்க."

அஞ்சலை எங்கள் தோட்டத்தில் பால் வெட்டும் பெண்களில் முதல் ஆள். அவள் வாய்க்குத் துரையே ஒதுங்கிப் போவார். நான் ஆபீஸ் குமாஸ்தா. தோட்டத்துப் பேச்சில் கிராணி. வேலைக்கு வந்து இரண்டாவது வருஷம். மலாயாவின் ஜோகூரில், குளுவாங்கிலிருந்து காஹாங் போகிற சாலையில், மாட்டு வண்டியில் அரை நாள் தூரத்தில் இருந்தது எங்கள் ரப்பர் தோட்டம்.

ஐரோப்பாவில் பெரிய சண்டை நடந்துகொண்டிருந்த காலம் அது. சண்டையால் வெள்ளி விலை ஏறிப்போய், காசை உருக்கி விற்றால் காசின் மதிப்பைவிட அதிகம் கிடைக்கும் என்ற நிலை வந்தது. அப்புறம் யார் காசைக் காசாக வைத்திருப்பார்கள்? சில்லறை கண்ணிலிருந்து மறைந்தது. சர்க்கார் அதற்கு ஈடாகப் பத்து சென்டுக்குத் தாள் அச்சடித்து விட்டது. சிங்கப்பூர் ஏஜெண்டிடமிருந்து அந்த மாதம் ரயிலில் வந்த சம்பளப் பெட்டியைத் திறந்தால் பாதிக்கு மேல் தாள்.

அதற்கு முன் தாளையே பார்க்காதவர்கள் அல்ல எங்கள் ஆட்கள். வெள்ளி என்று நாங்கள் சொல்லும் டாலரில் ஒரு டாலர் தாள், ஐந்து டாலர் தாள் எல்லாம், ஆட்களை ஊரிலிருந்து கூட்டிவந்து வேலை வாங்கும் கங்காணிமார் கையில் பார்த்திருக்கிறார்கள். ஆனால் சில்லறை என்றால் அது வெள்ளிக்காசுதான். பெண்கள் அதை முந்தானையில் முடிந்துகொண்டு மரத்துக்கு மரம் ஓடுவார்கள். முந்தானையில் ரப்பர் பால் தெறிக்கும், வியர்வை ஊறும், மழை நனைக்கும். காசு கழுவினால் பளபளக்கும். தாள் என்ன ஆகும்? மிச்சம் பிடித்ததைத் தகர டப்பாவில் போட்டு தங்கள் குடியிருப்பான லயத்து வீட்டின் அடியில் புதைப்பார்கள். அங்கே கரையான். அஞ்சலை தட்டிப் பார்த்ததில் தப்பே இல்லை. எனக்குத்தான் அன்று அது புரியவில்லை, எரிச்சலாக வந்தது.

"சர்க்கார் முத்திரை போட்டிருக்கு பாரு," என்றேன்.

"சர்க்கார் வந்தா எனக்குக் கருவாடு விக்கப்போவுது?" என்றாள்.

வரிசை முழுக்கச் சிரித்தது. அடுத்து வந்தவனும் தாளைத் தட்டிப் பார்த்துவிட்டு வைத்தான். அதற்கு அடுத்தவனும் அப்படியே. மேசைமேல் தாள்கள் குவிந்தன. பின்னால் யாரோ, "பக்கத்துத் தோட்டத்துல இன்னும் வெள்ளிக்காசுதான் குடுக்குறாங்களாம்" என்று சொன்னது காதில் விழுந்தது. அந்த நாளில் ஆள் கிடைப்பது குதிரைக்கொம்பு. ஒரு கங்காணி மனம் மாறினால் மறுநாள் காலைப் பெரட்டில் பேர் கூப்பிடும்போது பாதி ஆள் இருக்காது.

2. நான் கொடுத்த வாக்கு

அப்போதுதான் என் நாக்கில் சனி உட்கார்ந்தது. நாற்காலியை விட்டு எழுந்து, எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன்:

"இப்ப தாள வாங்கிக்குங்க. வேணாம்னு தோணுச்சுன்னா நாளையிலேருந்து எப்ப வேணாலும் ஆபீஸுக்கு வாங்க. தாளக் குடுத்துட்டு வெள்ளிக்காசு வாங்கிக்கலாம். இதுக்கு நான் பொறுப்பு."

ஆபீஸ் இரும்புப் பெட்டியில் அவசரச் செலவுக்கென்று ஒரு பை வெள்ளிக்காசு இருந்தது. கொடுக்கப்போகும் தாளில் மூன்றில் ஒரு பங்குக்குத்தான் அது காணும். ஆனால் எத்தனை பேர் வரப்போகிறார்கள்? நாலைந்து சந்தேகப் பேர்வழிகள் வருவார்கள், கொடுத்து அனுப்பிவிடலாம் என்று நினைத்தேன்.

அங்கேதான் கோட்டை விட்டேன். லயத்தில் யாரும் தனியாக எதையும் செய்வதில்லை. கங்காணி ஒரு வேலையில் இறங்கினால் அவர் கூட்டம் மொத்தமும் இறங்கும். நாலு பேருக்கு என்று நினைத்து நான் சொன்னது உண்மையில் நாலு கங்காணிக்குச் சொன்னது.

பெரிய கங்காணி முத்துக்கருப்பன் மீசையை நீவிக்கொண்டு, "கிராணியாரு சொல்லிட்டாருல்ல, வாங்குங்கப்பா" என்றார். எல்லோரும் வாங்கிக்கொண்டார்கள். எனக்குத் தலைகால் புரியாத பெருமை.

துரையிடம் போய்ச் சொன்னேன். அவர் எங்கள் ஆட்களிடம் பழகிப் பழகிக் கற்ற தமிழில் பேசுவார். மரியாதை விகுதியெல்லாம் அதில் கிடையாது.

"கிராணி, நீ என்ன பேங்க்கா? ஒரு தாளுக்குப் பின்னாலே ஒரு காசு வேணும். உன்கிட்ட இருக்கா?"

"இல்லீங்க தொரை."

"அப்போ நீ சொன்னது பொய். பை தீந்து போச்சுன்னா ஆள் எல்லாம் ஓடிப்போவான். அதுக்கு முன்னாலே நான் உன்னை அனுப்பிடுவேன்."

அந்த வாரம்தான் ஊரிலிருந்து என் மனைவி கைக்குழந்தையோடு கப்பலேற ஏற்பாடு செய்து கடிதம் எழுதி வைத்திருந்தேன். டிக்கெட் பணத்தோடு அது இன்னும் என் மேசை இழுப்பறையில் இருந்தது. வேலை இல்லாதவன் மனைவியை வரவழைத்து எங்கே வைப்பது?

3. பை மெலிந்தது

மறுநாள் மதியம், பாலை நிறுத்துக் கொடுத்த கையோடு முத்துக்கருப்பன் வந்தார். அவருக்குப் பின்னால் அவருடைய ஆட்கள் முப்பது பேர். அவர்களைப் பார்த்து மற்றக் கூட்டமும் வர ஆரம்பித்தது.

துரை உள் அறையிலிருந்து, "மெதுவா குடு. ஆறு மணி ஆனா சன்னல் சாத்திடு" என்றார். நானும் அப்படியே செய்தேன். ஒவ்வொரு தாளையும் வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பேன், ஒவ்வொரு காசையும் மூன்று தடவை எண்ணுவேன். நான் எவ்வளவு மெதுவாகக் கொடுத்தேனோ அவ்வளவுக்கு வரிசை நீண்டது. வேலைவெட்டி இல்லாமல் வேடிக்கை பார்க்க வந்தவர்கள்கூட வீட்டுக்கு ஓடித் தாளை எடுத்துக்கொண்டு வந்து நின்றார்கள்.

அஞ்சலையின் முறை வந்தது.

"என்னங்க கிராணியாரே, கொழந்தைக்கு மருந்து குடுக்குற மாதிரி ஒவ்வொண்ணா எடுக்குறீங்க? உள்ள இல்லியா?"

அவள் கேலியாகத்தான் கேட்டாள். ஆனால் பின்னால் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள். எல்லார் கண்ணும் பையின் மேல். இனி ஒரு காசை நான் மூன்று தடவை எண்ணினால் எல்லாம் முடிந்தது என்று எனக்கே தெரிந்தது. பையைத் தூக்கி மேசைமேல் அப்படியே கவிழ்த்தேன். கலகலவென்று கொட்டியது. துரை நாற்காலி நகரும் சத்தம் கேட்டது, நான் திரும்பவில்லை. கேட்டவர்களுக்கெல்லாம் எண்ணாமல் கொள்ளாமல் என்று சொல்லும் வேகத்தில் அள்ளிக் கொடுத்தேன்.

கடைசியில் நின்ற பத்துப் பதினைந்து பேர் அந்தக் குவியலைப் பார்த்துவிட்டு, "அதான் இருக்குதே, நாளைக்கு வாங்கிக்கலாம்" என்று கலைந்து போனார்கள். சன்னலை நான் சாத்தவில்லை. யாரும் இல்லாததால் தானாக வேலை முடிந்தது.

மேசையில் மிச்சம் இருந்ததை இரண்டு கையால் மூடிவிடலாம். நாளை மதியம் முதல் பத்து பேருக்கு வரும். பதினோராவது ஆளுக்கு என்ன சொல்வது? இழுப்பறையைத் திறந்து கடிதத்தைப் பார்த்தேன், கிழித்துவிடலாமா என்றுகூடத் தோன்றியது.

4. மரைக்காயரின் அரிசிச் சாக்கு

அடுத்த நாள் மதியம் பால் நிறுக்கும் கொட்டகையில் கூட்டம் சேர்ந்துகொண்டிருந்தபோது, சுல்தான் மரைக்காயர் ஆபீஸ் படியேறினார். நாகூர்ப் பக்கத்துக்காரர். தோட்டத்து வாசலில் அரிசி, கருவாடு, துணி, வெற்றிலை எல்லாம் விற்கும் ஒரே கடை அவருடையது. கையில் ஒரு சின்ன அரிசிச் சாக்கு. அதை மேசைமேல் வைத்தபோது மேசை முனகியது.

"கிராணியாரே, ஒரு ஒதவி செய்யணும். இதை வெச்சுக்கிட்டுத் தாள் குடுங்க."

சாக்கைப் பிரித்தேன். முழுக்க வெள்ளிக்காசு. நான் நேற்று அள்ளிக் கொடுத்த அதே காசு. சிலவற்றில் என் மேசை மைக்கறைகூட அப்படியே இருந்தது.

அவர் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டே போனார். ஆட்கள் வெள்ளிக்காசை வாங்கிக்கொண்டு நேராகக் கடைக்கு வந்திருக்கிறார்கள். அவர் சரக்குக்காகக் குளுவாங்கில் மொத்தக் கடை வைத்திருக்கும் சீன முதலாளி தவுக்கேக்குப் பணம் கொண்டுபோக வேண்டும். "காட்டு வழி. வழிப்பறிக்காரனுக்குக் காசு குலுங்குற சத்தம் ஒரு மைலுக்குக் கேக்கும். தாள்னா இங்க வெச்சுட்டுப் போயிருவேன்," என்று தலையிலிருந்த தொப்பியைக் கழற்றி உள்பக்கத்தைக் காட்டினார்.

"தவுக்கே தாள வாங்கிப்பாரா, மரைக்காரே?"

"வாங்காம? ரயில் ஸ்டேஷன்ல சரக்குக்கூலிக்கு அவரு தாளத்தானே குடுக்குறாரு. அவங்க வாங்கிக்கிறாங்க."

"அப்ப நம்ம ஆளுங்க தாள் கொண்டாந்தா நீங்க கருவாடு குடுப்பீங்களா?"

அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். "நான் எப்ப மாட்டேன்னேன்? யாரும் எங்கிட்ட கேக்கவே இல்லியே."

இரண்டு நாளாகத் தோட்டமே ஆடிப்போயிருந்தது. துரை, நான், நாலு கங்காணி, நூற்றுக்கணக்கான ஆட்கள். ஒருவர்கூட இருநூறு அடி நடந்துபோய்க் கடைக்காரரைக் கேட்கவில்லை. கடைக்காரர் வாங்க மாட்டார் என்று எல்லோருமே முடிவு கட்டியிருந்தோம். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது.

"மரைக்காரே, ஒரு அஞ்சு நிமிஷம் இருங்க. ஆளுங்க வரட்டும்," என்றேன்.

வரிசை வந்தது. அவர்கள் கண்ணெதிரில் சாக்கைக் கவிழ்த்து, அவருக்குத் தாள்களை எண்ணிக் கொடுத்தேன். அவர் தொப்பிக்குள் அடுக்கித் தலையில் வைத்துக்கொண்டு இறங்கிப் போனார். அஞ்சலை அவர் முதுகையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"மரைக்கார் வெள்ளிக்காசக் குடுத்துட்டுத் தாள வாங்கிட்டுப் போறாரு. அப்ப நாம எதுக்கு இங்க வெயில்ல நிக்கிறோம்?"

மாற்றக் கொண்டுவந்த தாளை முந்தானையில் முடிந்துகொண்டு கடைப்பக்கம் நடந்தாள். முத்துக்கருப்பன் மீசையை நீவினார். கங்காணி திரும்பினால் கூட்டமும் திரும்ப வேண்டியதுதானே. என்னைக் கவிழ்த்த அதே வழக்கம் அன்று என்னைத் தூக்கி நிறுத்தியது. அப்பாடா என்று நாற்காலியில் சாய்ந்தவன் அரை மணி நேரம் எழுந்திருக்கவில்லை. பிறகு முதல் வேலையாகக் கடிதத்தை எடுத்துத் தபால் வண்டியில் போட்டேன்.

துரை உள் அறையிலிருந்து வந்தார். பையைத் தூக்கிப் பார்த்தார், கீழே வைத்தார், போய்விட்டார்.

5. தங்கம் போன வருஷம்

பல வருஷம் கழித்து, இங்கிலாந்து தன் பணத்தைத் தங்கத்திலிருந்து அவிழ்த்துவிட்டது, இனித் தாளுக்குத் தங்கம் தராது என்று செய்தி வந்தது. நம் பணம் இங்கிலாந்துப் பணத்தோடு கட்டப்பட்டது. அங்கே கட்டு அவிழ்ந்தால் இங்கேயும் அவிழ்ந்த மாதிரிதான். நாங்கள் அப்போது குடியிருந்த ஜோகூர் பாருவில் ஒரு வாசகசாலையில் அதைப் பற்றிக் கூட்டம் போட்டார்கள். நானும் என் மனைவியும் போயிருந்தோம்.

படித்த வக்கீல் ஒருவர் பேசினார். பணம் என்றால் என்ன என்று பல தலைமுறையாக அறிஞர்களுக்குள் சண்டையாம். ஒரு கட்சி, உலோகத்தின் மதிப்புத்தான் பணத்தின் மதிப்பு என்கிறது. இன்னொரு கட்சி, சர்க்கார் தனக்குச் சேர வேண்டியதற்கு எதை வாங்கிக்கொள்கிறதோ அதுதான் பணம் என்கிறது. மூன்றாவது கட்சிக்குப் பணம் எவ்வளவு இருக்கிறது என்பது முக்கியம். அதோடு, ஒரே காசு எத்தனை கை மாறுகிறது என்பதையும் பார்க்க வேண்டும். நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். முதல் கட்சி எங்கள் துரை. இரண்டாவது, சரக்குக்கூலிக்குத் தாளை வாங்கிக்கொண்ட குளுவாங் சர்க்கார் ஸ்டேஷன். மூன்றாவது, கொடுத்த காசையே மறுநாள் திரும்பக் கொண்டுவந்த அந்த அரிசிச் சாக்கு.

வக்கீல் கடைசியில் ஒரு தாளைத் தூக்கிக் காட்டி, "இப்போது இதன் பின்னால் என்ன இருக்கிறது?" என்று கேட்டார். எல்லோரும் கவலையாக உட்கார்ந்திருந்தார்கள். கூட்டத்தில் வாயே திறக்காத நான் எழுந்து, "மரைக்காயர்" என்று சொல்லிவிட்டேன். சபை சிரித்தது. என் மனைவி வேட்டியைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தாள்.

ஆனாலும் மனசு கேட்கவில்லை. அடுத்த வாரம் ரயிலேறிக் குளுவாங் போனேன். மரைக்காயர் அப்போது அங்கே கடை போட்டிருந்தார். முடி நரைத்திருந்தது. தொப்பி மட்டும் மாறவில்லை. ரப்பர் விலை விழுந்து, தோட்டத்து ஆட்களைக் கப்பல் கப்பலாக ஊருக்கு அனுப்பிக்கொண்டிருந்த வருஷம் அது. அலமாரி நிறையச் சரக்கு, கடையில் ஆள் இல்லை.

"தங்கம் போயிருச்சாமே, மரைக்காரே," என்றேன்.

"எனக்கு அது எப்ப வந்துச்சு, போறதுக்கு?" என்றார். "தாள் நல்லாத்தான் இருக்குது. அதைக் கொண்டாற ஆளத்தான் காணோம். தவுக்கேயும் அதையேதான் சொல்றாரு. இருக்கறவன் பொட்டிக்குள்ள பூட்டி வெச்சுக்கிட்டா எங்க கடை எப்படி ஓடும்?"

வக்கீல் ஒரு மணி நேரம் பேசியதில், காசு கை மாறாமல் நின்றுபோனால் என்ன ஆகும் என்பது இல்லை.

இளைய கிராணிமார்களுக்கு நான் சொல்ல இரண்டு விஷயம்தான் உண்டு. கூட்டம் பயந்து வரும்போது சன்னலைச் சாத்தாதீர்கள். நீங்கள் மெதுவாகக் கொடுத்தால் உங்களுக்கே நம்பிக்கை இல்லை என்று அர்த்தம். இன்னொன்று, பெட்டியில் எவ்வளவு இருக்கிறது என்று நடுங்குவதற்கு முன்னால் கடைக்கு நடந்துபோய் ஒரு வார்த்தை கேளுங்கள்.

அன்று அந்தக் கடையில் நான் பையனுக்கு ஒரு சட்டைத்துணி கேட்டு, தாளை நீட்டினேன். மரைக்காயர் அதைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை. தொப்பியைக் கழற்றி உள்ளே வைத்துக்கொண்டு, "எத்தனை கெஜம்?" என்று கேட்டார்.