செல்லாது என்று சொல்லும் வாய்

இரும்புச் சுருள்கதவைத் தூக்குவதற்கு முன்பே கெவின் ட்ரெலோர் கைப்பேசியைத் திறந்து உடற்பயிற்சிப் போட்டியின் தரவரிசைப் பட்டியலைப் பார்த்துவிடுவார். தன் பெயரைத் தேடுவதில்லை. அது பதினான்காவது இடத்தில் துருப்பிடித்த ஆணிபோல இறுகிக் கிடப்பது அவருக்குத் தெரியும். அவர் விரல் தேடுவது ராஸ் கமிலேரியின் பெயரை. இரவோடு இரவாக அது ஒரு படியாவது இறங்கியிருந்தால் அன்றைய தேநீர் இனிக்கும். இறங்காவிட்டால், மழைக்குக் கதவடியில் ஒதுங்கியிருக்கும் தேரைகளுக்கு வசவு. துடைப்பத்தால் ஒவ்வொன்றாக வெளியே தள்ளிக்கொண்டே, "போ, போ. உனக்கு மட்டும் எவ்ளோ நல்லா குந்த வருது பாரு" என்பார்.

மக்காய் ஊரில், கரும்பு லாரிகள் நிற்கும் திடலுக்குப் பின்னால் இருக்கிறது அவருடைய உடற்பயிற்சிக் கூடம். பதினைந்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டுச் சர்க்கரை ஆலையில் கொதிகலன்களுக்கு வெல்டிங் வைக்கப் போனவர் கெவின். கூடத்தில் உள்ள தொங்குகம்பிகள், எடைதாங்கிகள், பெட்டிகள் எல்லாம் அவர் கையால் பற்றவைத்தவை. புதிதாக யார் வந்தாலும் முதலில் ஒரு கம்பியில் தொங்கச் சொல்வார். "ஆடுதா? ஆடாது. கடையில வாங்கினது ஆடும்." அறுபத்திரண்டு வயதிலும் சட்டை போடாமல்தான் நிற்பார். வயிறு உள்வாங்கியிருப்பதை ஊர் பார்க்க வேண்டாமா?

அந்தப் போட்டியின் இறுதிக்குப் போக அவர் ஒன்பது வருடமாக முயல்கிறார். முதல் சுற்றில் உலகத்தில் யார் வேண்டுமானாலும் சேரலாம். அவரவர் ஊரில், அவரவர் கூடத்தில், வாரம் ஒரு பயிற்சியாக மூன்று வாரம். வெள்ளிக்கிழமை காலையில் பயிற்சி என்னவென்று அறிவிப்பார்கள், செவ்வாய்க்குள் எண்ணிக்கையைப் பதிய வேண்டும். அதில் மேலே வந்தவர்களுக்கு இரண்டாவது சுற்று. நாலு பயிற்சி, எல்லாவற்றுக்கும் வெட்டாத ஒட்டாத காணொளி. எடைத்தட்டின் எண் தெரிய வேண்டும், ஆள் முழுசாகத் தெரிய வேண்டும், தேர்வு எழுதித் தேறிய நடுவர் ஒருவர் பக்கத்தில் நின்று உரக்க எண்ண வேண்டும். இடுப்பு முட்டிக்குக் கீழே இறங்காவிட்டால் அந்தத் தடவை செல்லாது. இதையெல்லாம் தாண்டி, அறுபதைக் கடந்த ஆண்களில் உலகம் முழுக்கப் பத்துப் பேருக்குத்தான் அமெரிக்காவில் நடக்கும் இறுதிப் போட்டியில் இடம்.

ராஸ் கமிலேரி இந்தக் கூடத்துக்கு வந்து மூன்று வருடம்கூட ஆகவில்லை. கரும்புத் தோட்டத்தை மகனிடம் கொடுத்துவிட்டு, தொப்பையோடு, டிராக்டர் ஓட்டும் அதே காலணியோடு வந்தார். பார்பெல்லை எப்படிப் பிடிப்பது என்பதே கெவின் சொல்லிக் கொடுத்தது. அந்த ஆள் இப்போது ஒன்பதாவது இடத்தில் இருக்கிறார். கெவினால் இதை மெல்லவும் முடியவில்லை, விழுங்கவும் முடியவில்லை. முதலில் ராஸுக்கு உடம்புவாகு என்றார். பிறகு, வேலைவெட்டி இல்லாத ஆள், மத்தியானம் தூங்குகிறான் என்றார். ராஸின் மனைவி தினமும் கட்டிக் கொடுக்கும் மீன்பொரியலைக்கூட விடவில்லை. "அந்த மீன் எனக்குக் கிடைச்சா நானும் பறப்பேன்" என்று கூடத்தில் சொன்னது வீட்டுக்குப் போய்விட்டது.

"அப்போ நான் போடற சோறு உனக்கு இனிக்கல?" என்றாள் பெவ். முப்பத்தெட்டு வருடமாக அவருடைய மனைவி. "இன்னொரு தடவை சாப்பிடறப்போ அந்த போனை எடு, தட்டைத் தூக்கி நாய்க்கு வெச்சிடறேன். உன் வயித்தெரிச்சல்ல ரொட்டியே சுடலாம்யா."

"எரிச்சலா? எனக்கா? அவனுக்குச் சொல்லிக் குடுத்ததே நான்தானே!"

"அதான் எரியுது."

உருளைக்கிழங்கை நசுக்கினார் கெவின்.

இரண்டாவது சுற்றின் நாலாவது பயிற்சியைக் கெவின் சனிக்கிழமையே முடித்துவிட்டார். தோள்பட்டை பழைய வலியைக் காட்ட, நூறைத் தொடவில்லை. ராஸ் திங்கட்கிழமை காலை வரைக்கும் ஓய்வெடுத்தார். இந்தச் சுற்றுக்குப் பதிவுசெய்யக் கடைசி நாள் அதுதான். ராஸுக்கு எண்ண வேண்டிய நடுவர் பக்கத்து ஊர் சரீனாவிலிருந்து வர வேண்டும். ராத்திரி பெய்த மழையில் ஓடை பெருகி நெடுஞ்சாலை மூடிவிட்டது. தேர்வு எழுதிய வேறு ஆள், கூடத்தில் ஒரே ஒருவர்தான்: கெவின்.

காணொளி எடுக்க நின்ற ஷெல்லி, ஆஸ்பத்திரி நர்ஸ், வாய் சும்மா இருக்காது. "பெரிசு, நீங்களா எண்ணப் போறீங்க? ராஸுக்கு இன்னிக்குக் காலே இல்லன்னு சொல்லிடுவீங்களே!"

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். கெவின் சிரிக்கவில்லை. மணிக்கட்டில் பட்டையைச் சுற்றிக்கொண்டிருந்த ராஸ் நிமிராமலே சொன்னார்: "டேய் கெவ், நீயே எண்ணுடா. ஷெல்லி கணக்குப் போட்டுட்டா. நூறு வந்தாப் போதும், பத்துக்குள்ள நிப்பேன்."

"நூறா? பாப்போம்" என்றார் கெவின். குரல் அவருக்கே பிடிக்கவில்லை.

பயிற்சி இதுதான்: பார்பெல்லைத் தோளில் வைத்துக் குந்தி, எழும் வேகத்தில் தலைக்கு மேல் தூக்க வேண்டும்; பிறகு கம்பியில் தொங்கி நெஞ்சு தொட ஏற வேண்டும்; கடிகாரம் ஒலிக்கும்வரை மாறி மாறி. ராஸ் தொடங்கியபோது பார்க்கவே அழகாக இருந்தது. அதுதான் வலித்தது. அந்த முதுகு நேராக நிற்பது கெவின் ஒரு வருடம் பின்னால் நின்று தட்டித் தட்டி நிமிர்த்தியது. இப்போது அந்த முதுகு அமெரிக்கா போகப்போகிறது. தட்டின கை மக்காயில் தேரை விரட்டும். "முப்பது. முப்பத்தொண்ணு." மழைக்கால வெக்கையில் ராஸின் வியர்வை ரப்பர் விரிப்பில் குளமாக நின்றது.

அறுபதைத் தாண்டியதும் ராஸின் தொடை களைத்தது. ஒரு தடவை, இடுப்பு முட்டிக்கு மேலேயே நின்றுவிட்டு எழுந்தது. ஒரு விரலளவுதான். பக்கத்திலிருந்து பார்ப்பவர்க்கு மட்டும் தெரியும். "செல்லாது" கெவினுக்கு நாக்கு நுனிக்கு வந்தது. செல்லாது என்றால் பொறாமை என்பார்கள். ஷெல்லி இப்போதே சொல்லியாயிற்று. "அறுபத்திநாலு" என்றார். அடுத்ததும் அப்படியே. "அறுபத்தஞ்சு."

கூட்டம் கைதட்டியது. நல்ல மனுஷன் பெரிசு, என்று யாரோ சொன்னதுகூடக் காதில் விழுந்தது. அப்போதுதான் கெவினுக்கு உறைத்தது. போட்டி நடத்துபவர்கள் காணொளியை நிறுத்தி நிறுத்திப் பார்ப்பார்கள். இப்படிப் பத்து கிடைத்தால் எண்ணிக்கையில் பெரும்பங்கை வெட்டி எறிந்துவிடுவார்கள். அவர் வாயை மூடிக்கொண்டு நின்றால் போதும், ராஸ் தானாக விழுந்துவிடுவார். குற்றம் சொல்ல ஆள் இருக்காது. நட்புக்காக விட்டுக்கொடுத்தார் என்றுகூடச் சொல்வார்கள். வஞ்சம் இவ்வளவு சுலபமாக, இவ்வளவு நல்ல பெயரோடு தன் கைக்கு வரும் என்று அவர் நினைத்ததே இல்லை. ஒரு மூச்சு நேரம் அது இனிக்கவும் செய்தது.

ராஸ் மறுபடி குந்தினார். மேலேயே எழுந்தார்.

"செல்லாது!"

கூடமே ஊளையிட்டது. "அடப்பாவி பெரிசு!" என்றாள் ஷெல்லி. ராஸ் பார்பெல்லைத் தோளில் தாங்கியபடி, முகம் சிவந்து, கெவினைப் பார்த்தார்.

"பொறாமையாடா உனக்கு?"

"ஆமாண்டா! பொறாமைதான்! வயிறு பத்தி எரியுது! நீ கீழ போ!"

ராஸ் போனார். பாதாளம் வரைக்கும் போவதுபோலக் குந்தி, பல்லைக் கடித்து எழுந்தார். "அறுபத்தாறு!" என்று கத்தினார் கெவின். அடுத்ததில் மீண்டும் செல்லாது. அதற்கடுத்ததும் செல்லாது. "என் மூஞ்சியப் பாக்காத, பிட்டத்தைப் பாரு! தோட்டத்துல கரும்பு நடக் குந்துவியே, அப்படிக் குந்துடா!" ராஸ் திட்டினார். மால்ட்டா நாட்டு மொழியில், தன் தகப்பன் கழுதையைத் திட்டிய வார்த்தைகளால் திட்டினார். ஆனால் ஒவ்வொரு திட்டுக்கும் ஒரு விரல் கீழே இறங்கினார். கெவின் குரல் கம்மிப்போய், எண்கள் காற்றாக வந்தன. கடிகாரம் ஒலித்தபோது அவர் வாயில் இருந்த எண் நூற்றுமூன்று.

ராஸ் அப்படியே மல்லாந்து விழுந்தார். காணொளி இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. கெவின் அதன் முன்னால் வந்து நின்று, தொண்டையைச் செருமினார். "அறுபத்திநாலாவதும் அறுபத்தஞ்சாவதும் நான் விட்டது. ஆழம் பத்தல. நடுவர் தப்பு. கணக்கு நூத்தியொண்ணு."

"ஐயோ, யாரும் கேக்கலயே!" என்று ஷெல்லி தலையில் கைவைத்தாள். பிறகு விரல்களை மடக்கிப் பார்த்துக் கத்தினாள்: "ஆனாலும் உள்ளதான்! ராஸ், உள்ளதான் நீங்க! பத்தாவது!"

எல்லாரும் ராஸின் மேல் விழுந்தார்கள். கெவின் மட்டும் சுவரோரமாகப் போய்த் தண்ணீர் குடித்தார். கடைசிச் சொட்டு வரை குடித்தும் தொண்டையில் கசப்பு இறங்கவில்லை. அடுத்த வருடம் தானும் ராஸும் இதே வயதுப் பிரிவில்தான் இருப்போம் என்று கணக்குப் போட்டார். தோள்பட்டைக்கு வைத்தியம் பார்க்க வேண்டும். மீன் வாங்க வேண்டும்.

திடீரென்று ராஸ் அலறினார். கெண்டைக்கால் சதை கல்லாக இழுத்துக்கொண்டது. சுற்றி நின்றவர்கள் ஆளுக்கொரு யோசனை சொன்னார்கள். கெவின் அவர்களை விலக்கிக்கொண்டு வந்து மண்டியிட்டார். வியர்வையில் நனைந்த அந்தப் பாதத்தைத் தன் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, கட்டைவிரலைப் பிடித்து ராஸின் முகம் பக்கமாக இழுத்தார். தேவைக்குக் கொஞ்சம் அதிகமாகவே இழுத்தார். சதை இளகும்வரை விடவில்லை.